மகன் வாங்கிய வரிக்கல் சுறாவின் பல்தானா?

சிங்கப்பூரின் யீஷூனில் வசிக்கும் ஒரு தாய் மூன்று படங்களை அனுப்பிக் கேட்டிருக்கிறார்: “கற்களும் படிகங்களும் விற்கும் கண்காட்சிக்குப் போனோம். எட்டு வயது மகன் பிடிவாதமாக நின்று இதை வாங்கினான். உள்ளங்கைக்குள் அடங்கும் சதுரமான கல், மேலே வரிவரியாக மேடு. சுறாவின் பல் என்று சீட்டு எழுதிக் கொடுத்தார்கள். சுறாப்பல் என்றால் கூராக அல்லவா இருக்கும்? ஏமாந்துவிட்டோமா? உண்மையான பல்தான் என்றால் ஈஸ்ட் கோஸ்ட் கடற்கரையில் தேடினாலும் கிடைக்குமா என்று அவன் கேட்டுக்கொண்டே இருக்கிறான்.”

நீங்கள் ஏமாறவில்லை. அது சுறாவின் பல்தான். விலங்கியல் படித்த நாளிலிருந்து எனக்கு இந்தப் பற்களின் மேல் தனிப் பிரியம் உண்டு, அதனால் பதில் கொஞ்சம் நீளும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

சீட்டில் உள்ள பெயர் டைக்கோடஸ். ஆங்கிலத்தில் எழுதும்போது முன்னால் ஒரு ‘பி’ வரும், ஆனால் அதை உச்சரிப்பதில்லை. கிரேக்கத்தில் ‘மடிப்புள்ள பல்’ என்று பொருள். சுவிட்சர்லாந்தில் பிறந்த இயற்கையியலாளர் லூயி அகாசி 1830களில் வைத்த பெயர் இது. சுமார் 10 கோடி ஆண்டுகளுக்கு முன்பிருந்து ஏறத்தாழ ஏழரைக் கோடி ஆண்டுகளுக்கு முன்பு வரை, கிரெட்டேசியஸ் காலத்துக் கடல்களில் இந்தச் சுறாக்கள் உலகம் முழுக்கப் பரவியிருந்தன. இங்கிலாந்து, இத்தாலி, ஜப்பான், அமெரிக்கா என்று பல நாடுகளில் பற்கள் கிடைத்திருக்கின்றன. இன்று கடலே கண்ணுக்கெட்டாத கான்சாஸ் மாநிலத்தின் சுண்ணப்பாறைகளில் நிறையவே கிடைக்கின்றன, அப்போது அந்த நிலம் கடலுக்கடியில் இருந்தது.

சரி, சுறாவுக்கு ஏன் மொட்டைப் பல்?

சுறாப்பல் கூராக இருக்கும் என்று நாம் நினைப்பது, சதையைக் கிழித்துத் தின்னும் சுறாக்களை மட்டுமே மனத்தில் வைத்திருப்பதால். லக்சாவில் போடும் சிப்பியை, அதுதான் நாம் ‘ஹாம்’ என்று கேட்டு வாங்குவோமே, அதை ஓட்டோடு வாயில் போட்டு உடைக்க வேண்டும் என்று வைத்துக்கொள்ளுங்கள். முன்பல்லால் கடிப்பீர்களா? கடைவாய்க்குத்தானே தள்ளுவீர்கள். கூரான பல் கடினமான ஓட்டில் பட்டால் நுனி உடைந்துபோகும். அகன்று, தடித்து, தாழ்ந்திருக்கும் பல்தான் அந்த அழுத்தத்தைத் தாங்கும். டைக்கோடஸின் வாயில் இருந்தவை எல்லாமே கடைவாய்ப்பற்கள் மாதிரிதான்.

மேலே இருக்கும் வரிகளும் அழகுக்காக இல்லை. அம்மியை நினைத்துக்கொள்ளுங்கள். ஊரில் “அம்மி கொத்தலையோ” என்று கூவிக்கொண்டு ஆள் வருவார். உளியால் கல்லின் முகத்தைக் கொத்திச் சொரசொரப்பாக்கிவிட்டுப் போவார். வழவழப்பான அம்மியில் மிளகாய் நழுவி ஓடும், அரைபடாது. சிப்பியின் ஓடும் அப்படி வழுக்கக்கூடியதுதான். பல்லின் மேடுகள் அதை நழுவவிடாமல் பிடித்துக்கொள்கின்றன. தாடையின் அழுத்தமும் முகம் முழுக்கப் பரவாமல் அந்த மேடுகளின் விளிம்பில் குவிகிறது, ஓடு அங்கே விரிசல் விடுகிறது.

ஒற்றைப் பல்லைப் பார்த்துவிட்டு முழு வாயைக் கற்பனை செய்வது கடினம். தாடையில் பற்கள் தனித்தனியாக நிற்கவில்லை. நடைபாதையில் பதித்த கல் மாதிரி நெருக்கமாக, வரிசை வரிசையாக, நூற்றுக்கணக்கில் இருந்தன. உங்கள் பல்லை விரலால் சுற்றித் தடவிப் பாருங்கள்: ஒரு விளிம்பு சற்றுப் புடைத்திருக்கும், அதற்கு எதிர் விளிம்பு சற்றுக் குழிந்திருக்கும். ஒரு பல்லின் புடைப்பு அடுத்த பல்லின் குழிவில் பொருந்தி உட்காரும். கீழ்த்தாடையின் நடு வரிசையில் மிகப் பெரிய பற்கள், இருபுறமும் போகப் போகச் சிறியவை. மேல்தாடையில் நேர்மாறாக நடு வரிசைப் பற்கள் மிகச் சின்னவை, அவற்றின் இரு பக்கமும் பெரியவை. வாயை மூடினால் கீழ்நடுவின் மேடு, மேல்நடுவின் பள்ளத்துக்குள் போய் உட்காரும். ஆட்டுக்கல் குழியும் குழவியும் மாதிரி என்று சொன்னால் உங்கள் மகனுக்குத் தெரியுமோ என்னவோ, பாட்டியைக் காட்டச் சொல்லுங்கள்.

அம்மியைக் கொத்த ஆள் வருவார், சுறாவுக்கு யார் வருவார்? அதற்குத் தேவையும் இல்லை. சுறாக்களின் பல் எலும்பில் ஊன்றி நிற்பதில்லை, தாடை மேலுள்ள தோல் போன்ற திசுவில் பதிந்திருக்கிறது. உட்புறத்தில் புதுப்பல் உருவாகிக்கொண்டே இருக்கும், பழையது வெளியே நகர்ந்து ஒருநாள் விழுந்துவிடும். வாழ்நாள் முழுக்க இது நிற்காது. ஒரே சுறா கடலடியில் ஆயிரக்கணக்கான பற்களை உதிர்த்துவிட்டுப் போகும். அந்தப் பற்களின் மேற்பூச்சு ஃபுளோரின் கலந்த கடினமான கனிமம், சேற்றில் புதைந்தாலும் எளிதில் கரையாது. ஆனால் சுறாவின் எலும்புக்கூடு முழுவதும் குருத்தெலும்பு. நம் காது மடலில் இருப்பது போன்றது, செத்த பிறகு பெரும்பாலும் அழிந்துவிடும். சுறாவின் பல் கிடைப்பதும் சுறா கிடைக்காததும் இதனால்தான். உங்கள் மகன் கைக்கும் ஒன்று வந்து சேர்ந்தது அதனால்தான்.

எனக்கு மிகவும் பிடித்த பகுதி இனிமேல்தான்.

இங்கிலாந்தின் சசெக்ஸ் பகுதிச் சுண்ணப்பாறையில் கிடைத்த இந்தப் பற்களை, கிடியன் மான்ட்டெல் என்ற மருத்துவர் 1822-இல் தம் நூலில் படங்களோடு வெளியிட்டார். அந்தக் காலத்தில் இவற்றை மீனின் அண்ணத்துப் பற்கள் என்றுதான் சொல்லிவந்தார்கள். அகாசி பெயர் வைத்த பிறகு பல் யாருடையது என்ற கேள்வி தீர்ந்தது போலத் தோன்றியது, ஆனால் உடல் எப்படி இருந்தது என்பது தெரியவே இல்லை. ஓட்டை நொறுக்கும் தட்டையான பல் இன்றைய கடலில் யாருக்கு இருக்கிறது? திருக்கைக்கு. ஆகவே டைக்கோடஸும் திருக்கையின் உறவாகத்தான் இருக்கும் என்று நெடுங்காலம் கருதினார்கள். பிற்பாடு அது ஹைபோடான்ட் என்னும் பழைய சுறாக் குடும்பம் என்றார்கள். அப்புறம் பல்லின் மேற்பூச்சின் நுண்ணமைப்பும் முதுகெலும்பு வட்டுகளும் இன்றைய சுறாக்களின் பக்கம் கைகாட்டின. ஆனாலும் மனத்தில் இருந்த உருவம் மாறவில்லை: கடலடியில் மெதுவாக ஊர்ந்து சிப்பி பொறுக்கும் சோம்பேறிப் பெருஞ்சுறா. அந்தக் காலத்துக் கடலடியில் இனோசெராமிட் என்ற சிப்பிகள் ஒரு மீட்டருக்கு மேல் அகலமாக வளர்ந்து கிடந்தன, அவற்றை உடைக்கவே இந்தப் பல் என்று கதையும் பொருந்தியது.

பிறகு மெக்சிகோவின் நுவோ லியோன் மாநிலத்தில் வயெசீயோ என்ற ஊரின் சுண்ணப்பாறைக் குவாரிகளிலிருந்து, தலை முதல் வால் வரை, துடுப்பின் வெளிக்கோடு கூடத் தெரியும் டைக்கோடஸ் உடல்கள் கிடைத்தன. தொல்லுயிர் ஆய்வாளர் ரோமன் வுல்லோ தலைமையிலான குழு 2024-இல் இதைப் பற்றிய கட்டுரையை வெளியிட்டது. படத்தை முதலில் பார்த்தபோது நான் வேலையை நிறுத்திவிட்டுப் பார்த்துக்கொண்டே இருந்தேன். திருக்கையும் இல்லை, ஊர்ந்து திரியும் சோம்பேறியும் இல்லை. டார்பிடோ போன்ற உடல், பிறை வடிவ வால், வெட்டவெளிக் கடலில் வேகமாக நீந்துவதற்கான வடிவம். வெள்ளைச் சுறாவும் மாக்கோவும் சேர்ந்த லாம்னிஃபார்ம் வரிசையில்தான் அதற்கும் இடம். பெரிய இனங்கள் 10 மீட்டரை நெருங்கியிருக்கலாம் என்று கணக்கிடுகிறார்கள். நாம் ஏறும் இரட்டைமாடிப் பேருந்தின் நீளம் 12 மீட்டர், அதிலிருந்து இரண்டு மூன்று வரிசை இருக்கைகளைத் தள்ளிவிட்டு நினைத்துப் பாருங்கள்.

இரண்டு நூற்றாண்டுகள் அறிஞர்கள் பல்லை மட்டும் வைத்துக்கொண்டு உடலை ஊகித்தார்கள். பல் பொய் சொல்லவில்லை. ஓட்டை நொறுக்கினேன் என்றுதான் சொன்னது, அது சரிதான். எங்கே நொறுக்கினேன், எப்படி நீந்திப்போய்ப் பிடித்தேன் என்று அது சொல்லவே இல்லை, அந்த இடத்தை நாம் நிரப்பிக்கொண்டோம். உங்கள் மகனிடம் இதைச் சொல்லிக் கொடுங்கள் என்று வற்புறுத்துகிறேன். ஒரு பல்லைக் கையில் வைத்துக்கொண்டு, ‘இது என்ன சொல்கிறது, நான் என்ன சேர்த்துக்கொள்கிறேன்’ என்று பிரித்துப் பார்ப்பதுதான் இந்தத் துறையின் முக்கியமான பயிற்சி.

அப்படியானால் நடுக்கடலில் அது எந்த ஓட்டை உடைத்தது? அம்மோனைட்டுகளையும் கடல் ஆமைகளையும் தின்றிருக்கலாம் என்று அந்த ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். அம்மோனைட் உங்களுக்குத் தெரியாதது இல்லை. பூஜையறையில் சாளக்கிராமம் வைத்திருப்பவர்கள் வீட்டில் பார்த்திருப்பீர்கள். நேபாளத்தின் கண்டகி ஆற்றில் கிடைக்கும் அந்தக் கருங்கல்லுக்குள் தெரியும் சக்கரம், கல்லாய்ப்போன அம்மோனைட்டின் ஓடுதான். கணவாயின் தூரத்து உறவு, சுருண்ட ஓட்டுக்குள் இருந்துகொண்டு நீந்தும். கண்டகியில் உள்ளவை டைக்கோடஸ் காலத்துக்கும் மிக முற்பட்டவை, ஆனால் அதே பெரிய குலம். டைக்கோடஸ் மறைந்தது டைனோசர்கள் அழிவதற்கு ஏறத்தாழ ஒரு கோடி ஆண்டுகளுக்கு முன்பே. மொட்டைப் பல் கொண்ட மோசசார் என்ற கடல் பல்லிகள் அதே இரைக்குப் போட்டியாக வந்ததும் ஒரு காரணமாக இருக்கலாம் என்று அந்தக் குழு சொல்கிறது.

இனி ஈஸ்ட் கோஸ்ட் கேள்வி. கிடைக்காது, மகனிடம் நேராகவே சொல்லிவிடுங்கள். அந்தக் கடற்கரையே 1966-இல் தொடங்கிய நிலமீட்புத் திட்டத்தில் உருவானது. பிடோக், சிக்லாப் குன்றுகளை வெட்டி மண்ணைக் கொண்டுபோய்க் கடலில் கொட்டினார்கள். ஜூரோங் பக்கத்துப் பழைய கடற்பாறைகளில் சிப்பிப் படிவங்கள், அதாவது கல்லாய்ப்போன மிச்சங்கள், உண்டு, ஆனால் அவை டிரையாசிக் காலத்தவை, 20 கோடி ஆண்டுகளுக்கும் மேல் பழையவை. டைக்கோடஸ் அப்போது பிறக்கவே இல்லை. தேசியப் பல்கலைக்கழகத்தில் உள்ள லீ கோங் சியான் இயற்கை வரலாற்று அரும்பொருளகத்துக்குப் போயிருந்தால் அந்த மூன்று நீள்கழுத்து டைனோசர்களைப் பார்த்திருப்பான். அவை சுமார் 15 கோடி ஆண்டுகளுக்கு முந்தியவை. அவற்றுக்கும் டைக்கோடஸுக்கும் நடுவே ஏறத்தாழ 5 கோடி ஆண்டு இடைவெளி. எல்லாவற்றையும் ‘டைனோசர் காலம்’ என்று ஒரே மூட்டையில் கட்டாமல் இருக்க இந்தக் கணக்கு உதவும்.

ஆனால் டைக்கோடஸ் கிடைத்த ஓர் இடம் நம்மில் பலருக்குச் சொந்த ஊர்ப் பக்கம். பெரம்பலூர் மாவட்டத்தில் காரை என்ற ஊர் இருக்கிறது. மழை அரித்த செம்பழுப்பு நிறக் களிமண் மேடுகளும் ஓடைகளுமாக, பார்த்தால் வேறு ஏதோ கிரகம் போல இருக்கும். காவிரிப் படுகையின் அந்தப் பாறைகளிலிருந்து எடுத்த டைக்கோடஸ் டெகரன்ஸ் என்ற இனத்தின் பற்களைப் பற்றி 2012-இல் ஆய்வுக் கட்டுரை வந்தது. அந்தப் பகுதியை நிலவியலாளர் ஹென்றி பிளான்ஃபோர்ட் 1860களிலேயே ஊட்டத்தூர், திருச்சிராப்பள்ளி, அரியலூர் என்று மூன்று அடுக்குகளாகப் பிரித்து எழுதினார். உலகம் முழுக்கப் பாறை ஆய்வாளர்கள் இந்தத் தமிழ் ஊர்ப் பெயர்களை இன்றும் உச்சரிக்கிறார்கள். சாத்தனூரின் கல்மரம் இதே வட்டாரத்தில்தான். இங்கே கட்டுமானத்தளங்களில் வேலை செய்யும் தம்பிகளில் பெரம்பலூர், அரியலூர்க்காரர்கள் எத்தனை பேர்! சிராங்கூன் சாலையில் ஒரு ஞாயிற்றுக்கிழமை டீ குடித்துக்கொண்டிருந்தபோது, ஒரு தம்பி தன் கைப்பேசியில் நத்தை போல் சுருண்ட கல்லைக் காட்டினார். “எங்க கொல்லையில உழுதா இது வரும் அண்ணே, சின்ன வயசுல தூக்கிப் போட்டு விளையாடுவோம்” என்றார். அது ஓர் அம்மோனைட். எனக்கு நெஞ்சு நிறைந்துபோனது. அடுத்த முறை திருச்சிப் பக்கம் போனால் மகனை அரியலூர் அருகே வாரணவாசியில் உள்ள தொல்லுயிர் அருங்காட்சியகத்துக்குக் கூட்டிக்கொண்டு போங்கள். ஆனால் காரையில் எதையும் பொறுக்கிப் பையில் போட வேண்டாம். பாறையில் எந்த அடுக்கில் இருந்தது என்ற விவரம் போய்விட்டால் அந்தப் பல் பாதி ஊமையாகிவிடும். அவசரப்பட்டுப் பொறுக்கப்பட்டுப் பாழான படிவங்களை நான் நிறையப் பார்த்துவிட்டேன்.

ஊருக்குப் போகும் வரை பொறுக்க முடியாது என்றால் தேக்கா மார்க்கெட்டுக்குப் போங்கள். திருக்கை விற்கும் கடையில், கழுகுத்திருக்கை வந்திருக்கிறதா என்று கேளுங்கள், இறக்கை மாதிரி அகன்று தலை மட்டும் தனியாகத் துருத்திக்கொண்டிருக்கும் வகை. அதன் வாயைத் திறந்து காட்டச் சொன்னால் மேலும் கீழும் ஓட்டை நொறுக்கும் தட்டு தெரியும், குறுக்கே நீண்ட பட்டைகளை அடுக்கி ஒட்டியது போல. கடைக்காரர் அங்கிள் ஒருவர் எனக்காக ஒரு தாடையை எடுத்து வைத்திருந்தார். வீட்டில் அதை டைக்கோடஸ் பல்லின் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். ஒன்றில் நீண்ட பட்டைகள், இன்னொன்றில் வரியிட்ட சதுரங்கள். ஒரே வேலைக்கு இரண்டு வெவ்வேறு குடும்பங்கள் தனித்தனியே கண்டுபிடித்த வழிகள். இப்படி வேறு பலவும் உண்டு. ஆஸ்திரேலியாவின் போர்ட் ஜாக்சன் சுறாவுக்கு முன்னால் கூர்ப்பல்லும் பின்னால் அரைக்கும் பல்லும் இருக்கின்றன. இங்கிலாந்தின் லைம் ரீஜிஸில் கிடைக்கும் அக்ரோடஸ் என்ற அழிந்துபோன சுறாவின் பல் நீளமாக, நடுக்கோட்டிலிருந்து மடிப்புகள் பிரிய, ரத்தம் குடித்த அட்டை மாதிரியே இருக்கும். குவாரித் தொழிலாளர்கள் அதைக் கல் அட்டை என்றே சொன்னார்களாம்.

கடையில் வாங்கும்போது ஐயம் வந்தால் இவற்றைப் பாருங்கள். டைக்கோடஸின் வரிகள் பல்லின் குறுக்கே ஓடும், ஆனால் விளிம்பு வரை போகாது. சுற்றிலும் பொடிப்பொடிப் புள்ளிகளும் சுருக்கங்களுமாக ஒரு கரை இருக்கும். அச்சில் வார்த்த போலிகளில் அந்தக் கரை வழவழவென்று இருக்கும். திருப்பிப் பார்த்தால் கீழே தாழ்ந்த வேர், நடுவே ஒரு பள்ளம். மேல்பகுதி பளபளப்பாகவும் வேர் மங்கலாகவும் இருக்க வேண்டும். உங்கள் மூன்றாவது படத்தில் இது நன்றாகத் தெரிகிறது.

பராமரிப்பில் ஒரு விஷயத்தை மட்டும் அழுத்திச் சொல்கிறேன், சிங்கப்பூர்க்காரர்கள் இதில்தான் படிவங்களை இழக்கிறார்கள். சில படிவங்களுக்குள் பைரைட் என்ற இரும்புக் கந்தகக் கனிமம் இருக்கும். நம் ஊர் ஈரக்காற்றில் அது மெல்ல மாற்றம் அடைந்து அமிலமாகி, படிவத்தை உள்ளேயிருந்தே உடைக்கும். வெள்ளையாகவோ மஞ்சளாகவோ பொடி பூத்தாலும், கந்தக வாடை வந்தாலும் அதுதான். மூடி இறுகிய டப்பாவில், காலணிப் பெட்டிகளில் வருமே அந்த சிலிக்கா ஜெல் பொட்டலத்தோடு வையுங்கள். வினிகரில் ஊறப்போடாதீர்கள், பல்லும் சேர்ந்து கரையும். மென்மையான பிரஷ், கொஞ்சம் தண்ணீர் போதும். அந்தச் சீட்டைத் தூக்கி எறிந்துவிடாதீர்கள், பல்லோடு ஒரே டப்பாவில் வையுங்கள்.

இப்போது உங்கள் முதல் படத்துக்கு வருகிறேன். அதைப் பெரிதாக்கிப் பார்த்தேன். ஒன்பது வரிகளில் நடுவிலுள்ள நான்கும் தேய்ந்து தட்டையாகி, ஓரத்தில் உள்ளவை கூர்மையாக நிற்கின்றன. மகனிடம் சாய்வான வெளிச்சத்தில், டார்ச்சைப் பக்கவாட்டில் பிடித்துப் பார்க்கச் சொல்லுங்கள். அந்த வழவழப்பு பாறையால் உண்டானதாக இருந்தால் பல் முழுக்கச் சீராக மழுங்கியிருக்கும். இங்கே நடுவில் மட்டும் தேய்ந்திருக்கிறது. தாடையின் உட்புறம் காத்திருந்த புதுப்பல் இது இல்லை. வரிசையில் முன்னேறி வந்து, எதிர்த்தாடையின் பல்லோடு பல மாதங்கள் மோதி ஓடு நொறுக்கிவிட்டு, அதன் பிறகே உதிர்ந்த பல்.